படம் அழிந்தது, பேச்சு எஞ்சியது: மைசூர் நாட்டின் மௌனப்பட நகைச்சுவையும் நடிகர்களின் நினைவு நூல்களும்

தென்னிந்தியாவில் எடுக்கப்பட்ட மௌனப்படங்களில் இன்று உட்கார்ந்து பார்க்கும்படியாக நம் கையில் இருப்பது 1933ஆம் ஆண்டின் ‘மார்த்தாண்ட வர்மா’ ஒன்றுதான் என்று சொல்லிவிடலாம். ஆர். நடராஜ முதலியாரின் ‘கீசகவதம்’ இல்லை. ஜே.சி. டேனியலின் ‘விகதகுமாரன்’ இல்லை. ராஜா சாண்டோ சென்னையில் எடுத்தவை இல்லை. பெங்களூரில் சூர்யா ஃபிலிம் கம்பெனி வரிசையாக எடுத்துத் தள்ளிய படங்களும் இல்லை. நைட்ரேட் ஃபிலிம் எளிதில் தீப்பற்றும். வெப்பத்தில் தானாகவே சிதையும். பேசும்படம் வந்தபின் மௌனப்படச் சுருளுக்குச் சந்தையில் மதிப்பே இல்லாமல் போனது. அதில் இருந்த வெள்ளிக்காகச் சுருள்களை உருக்கியவர்களும் உண்டு. 1964இல் புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் தொடங்கப்பட்டபோது காப்பாற்ற வேண்டியதில் பெரும்பகுதி ஏற்கெனவே போய்விட்டிருந்தது.

அந்தப் படங்களில் மக்களைச் சிரிக்க வைத்தவர்கள் எப்படி வேலை செய்தார்கள் என்பதே இந்தக் கட்டுரை எடுத்துக்கொள்ளும் கேள்வி. படம் கிடைக்காத நிலையில் மூன்று வகைச் சாட்சிகள் எஞ்சுகின்றன. முதலாவது, அக்காலப் பத்திரிகை விளம்பரங்களும் நோட்டீஸ்களும். இரண்டாவது, அரசு ஆவணங்கள். சென்னை வழக்கறிஞர் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார் தலைமையில் 1927-28இல் இயங்கிய இந்தியத் திரைப்படக் குழுவின் அறிக்கையும் சாட்சிய நூல்களும் அவற்றில் முதன்மையானவை. மூன்றாவது, நடிகர்கள் தாங்களே எழுதியதும் சொல்லி எழுதுவித்ததும். முதல் இரண்டிலும் வியாபாரமும் சட்டமும் தெரியும், வேலை தெரியாது. வேலையைச் சொல்வது மூன்றாவது மட்டுமே. அந்த மூன்றாவது சாட்சியை மைசூர் நாட்டை மையமாக வைத்து இங்கே பரிசீலிக்கலாம்.

மைசூர் மேடை

மைசூரில் நாடகம் அரண்மனையின் ஆதரவில் வளர்ந்தது. சாமராஜேந்திர உடையார் காலத்தில், 1880களின் தொடக்கத்தில், அரண்மனை நாடக சபை உருவாயிற்று. பசவப்ப சாஸ்திரி கன்னடத்தில் ஆக்கிய ‘சாகுந்தலம்’ அந்தச் சபையின் புகழ்பெற்ற நாடகம். பிறகு ஏ.வி. வரதாச்சாரின் ரத்னாவளி கம்பெனி வந்தது. எம்.வி. சுப்பையா நாயுடுவின் சாகித்ய சாம்ராஜ்ய நாடக மண்டலியும் மைசூரைச் சேர்ந்ததுதான். தும்கூருக்கு அருகே குப்பி என்ற சிற்றூரில் 1884இல் பிறந்த சென்னபசவேசுவர நாடகக் கம்பெனிக்கும் மைசூர் ராஜ்யமே தாய்வீடு.

இந்தக் கம்பெனிகளின் நகைச்சுவைக்கு ஒரு தொழில்முறைக் காரணம் உண்டு. பின்னால் அரண்மனைக் காட்சியைக் கழற்றிக் காட்டுக் காட்சியை மாட்ட நேரம் வேண்டும். அந்த இடைவெளியில் முன்திரையை இறக்கிவிட்டு அதன் முன்னால் ஹாஸ்ய நடிகனை நிறுத்துவார்கள். பின்னால் ஆணி அடிக்கும் சத்தம் கேட்கும். முன்னால் அவன் சிரிக்க வைத்துக்கொண்டிருக்க வேண்டும். எவ்வளவு நேரம் என்பது அவனுக்கே தெரியாது. எழுதிய வசனம் தீர்ந்துபோனால் ஊர்ச் செய்தியை இழுப்பான், முன்வரிசையில் இருப்பவரை வம்புக்கு இழுப்பான், பாட்டை இன்னொரு முறை பாடுவான். தமிழ்நாட்டு ஸ்பெஷல் நாடகத்தின் பபூனும் இதே பள்ளியில் படித்தவர். மேடையில் அப்போதைக்கப்போது கற்பித்துப் பேசும் இந்தத் திறமைதான் மௌனப்படத்துக்குள் நுழைந்த நகைச்சுவை நடிகரின் மூலதனம்.

குப்பி வீரண்ணா

அந்த மூலதனத்தின் மிகப் பெரிய உரிமையாளர் குப்பி வீரண்ணா. ஐந்தாறு வயதுச் சிறுவனாகக் குப்பி கம்பெனியில் சேர்ந்தார். படிப்படியாக ஹாஸ்ய நடிகராக உயர்ந்தார். பின்னர் கம்பெனியின் உரிமையாளரும் ஆனார். மைசூர் மகாராஜா அவருக்கு ‘நாடக ரத்னா’ பட்டம் அளித்தார். 1955இல் சங்கீத நாடக அகாதெமி விருது வந்தது. 1972இல் பத்மஸ்ரீ வந்தது. அதே ஆண்டு காலமானார்.

ரசிகர்கள் அவரைத் தலைமுறை தலைமுறையாக நினைவில் வைத்திருப்பது ஒரு திருடனாக. ‘சதாரமே’ நாடகம் தமிழ்நாட்டில் ‘சதாரம்’ என்ற பெயரில் நாடகக் கம்பெனிகள் ஊர் ஊராக ஆடிய அதே கதை. கணவனைப் பிரிந்த இளம்பெண் சதாரமே இக்கட்டுகளுக்கு மேல் இக்கட்டாகச் சந்தித்து, ஆண்வேடம் பூண்டு, தன் புத்தியால் தப்பிக்கிறாள். வழியில் அவளைக் கவர்ந்து செல்ல நினைக்கும் திருடன் ஒருவன் வருகிறான். கதைப்படி அது சிறிய வேடம். வீரண்ணா அதை எடுத்துக்கொண்ட பிறகு நாடகம் திருடனுக்காகவே ஓடியது. பயங்காட்ட வருபவன் தானே பயந்தாங்கொள்ளியாக இருப்பது, ஏமாற்ற வருபவன் ஏமாந்து போவது, அதற்கு நடுவே அன்றைய ஊர் விவகாரத்தையும் தொட்டுப் பேசுவது என்று அவர் அந்த வேடத்தை ஊதிப் பெரிதாக்கினார். இப்படி வளர்ந்த வேடம் முழுக்க நடிகருக்குச் சொந்தம். நாடக ஆசிரியரின் கையெழுத்துப் பிரதியில் அதைத் தேடினால் கிடைக்காது. நடிகரின் நினைவு நூலுக்கு ஆவண மதிப்பு வருவது இதனால்தான்.

1930களின் தொடக்கத்தில் வீரண்ணா மௌனப்படத்தில் இறங்கினார். கர்நாடகா பிக்சர்ஸ் கார்ப்பரேஷன் என்ற நிறுவனத்தின் பின்னணியில் அவர் இருந்தார். மைசூரில் பிறந்த எழுத்தாளர் தேவுடு நரசிம்ம சாஸ்திரியும் இந்த முயற்சிகளில் பங்குகொண்டார். பெல்ஜிய நாட்டைச் சேர்ந்த ரஃபேல் அல்கோயெட் இயக்கிய ‘ஹிஸ் லவ் அஃபேர்’ படத்தில் வீரண்ணாவே நடித்தார். ஒய்.வி. ராவ் இயக்கிய ‘ஹரிமாயா’வும் அந்த நிறுவனத்தின் படம். இந்த ஒய்.வி. ராவ்தான் 1934இல் முதல் கன்னடப் பேசும்படமான ‘சதி சுலோசனா’வை இயக்கினார், 1937இல் எம்.கே. தியாகராஜ பாகவதர் நடித்த ‘சிந்தாமணி’யையும் எடுத்தார். சிந்தாமணியாக நடித்த அசுவத்தம்மா 1935இல் வந்த ‘சதாரமே’ பேசும்படத்தின் நாயகி. தமிழ் சினிமா வரலாறும் கன்னட சினிமா வரலாறும் இந்த இடத்தில் ஒரே வரலாறுதான்.

மௌனப்பட முயற்சி நீடிக்கவில்லை. 1931 மார்ச்சில் பேசும்படமான ‘ஆலம் ஆரா’ வந்தது. அக்டோபரில் ‘காளிதாஸ்’ வந்தது. பேச்சைக் கேட்ட மக்கள் மௌனத்துக்குத் திரும்பவில்லை. வீரண்ணா மேடைக்குத் திரும்பினார். 1934இல் யானை, குதிரைகளுடன் ‘குருக்ஷேத்திரம்’ நாடகத்தைப் போட்டு ஊரைக் கூட்டினார். பேசும்படத்திலும் கால் வைத்தார். ஏவி. மெய்யப்பனுடன் சேர்ந்து அவரது நிறுவனம் எடுத்த ‘பேடர கண்ணப்பா’தான் 1954இல் ராஜ்குமாரைக் கதாநாயகனாக்கியது. ராஜ்குமாரின் சொந்த ஊர் இன்றைய ஈரோடு மாவட்டத்தின் தாளவாடிப் பக்கம். அவருடைய தந்தை சிங்காநல்லூர் புட்டசாமய்யா குப்பி கம்பெனி நடிகர். கன்னடப் பேசும்படத்தின் புகழ்பெற்ற நகைச்சுவை நடிகர்கள் நரசிம்மராஜுவும் பாலகிருஷ்ணாவும் அதே கம்பெனியிலிருந்து வந்தவர்களே.

வீரண்ணாவின் தன்வரலாறு ‘கலெயே காயக’ 1969இல் வெளிவந்தது. கலையே நான் செய்யும் தொழில், அதுவே வழிபாடு என்பது அந்தத் தலைப்பின் உட்கிடை. தென்னிந்திய மௌனப்படத்தில் நடித்த ஒரு முழுநேர நகைச்சுவைக் கலைஞர் தன் வாழ்க்கையைப் புத்தகமாக விட்டுச் சென்றது அரிது. அந்த அரிய வரிசையில் முதலிடம் இந்த நூலுக்கு உரியது.

குரல் போனபின்

மௌனப்படம் மேடை ஹாஸ்யக்காரரிடமிருந்து எதையெல்லாம் பறித்தது என்று எண்ணிப் பார்க்க வேண்டும். சிலேடை போயிற்று. பாட்டு போயிற்று. ஊர்ப் பேச்சைக் கிண்டல் செய்வது போயிற்று. எல்லாவற்றுக்கும் மேலாக, எதிரே இருந்து சிரிப்பவர்கள் போய்விட்டார்கள். மேடையில் சிரிப்பு அடங்கும்வரை நிறுத்தி, அடங்கியதும் அடுத்ததை எடுப்பது நகைச்சுவையின் அடிப்படைக் கணக்கு. கேமராவுக்கு முன்னால் அந்தக் கணக்கைப் போட ஆளில்லை. வெயில் இருக்கும்வரைதான் படப்பிடிப்பு. ஃபிலிம் விலை அதிகம். ஒருமுறை எடுத்ததை மறுபடி எடுக்கத் தயாரிப்பாளர் தயங்குவார்.

கொட்டகையிலும் நிலைமை வேறு. தலைப்பு அட்டைகள் ஒன்றுக்கு மேற்பட்ட மொழிகளில் ஓடும். எழுத்தறியாத ரசிகர்களுக்காக ஒருவர் திரைப்பக்கம் நின்று கதையை உரக்கச் சொல்வார். ஆர்மோனியமும் தபலாவும் பின்னணிக்கு இருக்கும். ஆகவே நடிகர் இழந்த பேச்சை, அவர் முகம் தெரியாத கதைசொல்லி ஒருவர் தன் சொந்தச் சரக்கோடு நிரப்பினார். மௌனப்பட நகைச்சுவை இரண்டு பேர் சேர்ந்து செய்த வேலை என்றே சொல்ல வேண்டும். அந்த இரண்டாவது ஆள் எந்தப் புத்தகத்தையும் விட்டுச் செல்லவில்லை. நடிகரின் நினைவு நூலைப் படிக்கும்போது அவருடைய இடத்தை நாமே மனத்தில் வைத்துப் படிக்க வேண்டியிருக்கிறது.

கைலாசமும் கமலாதேவியும்

மைசூர் நாட்டு மௌனப்படத்தின் இன்னொரு கிளை படித்தவர்களின் முயற்சி. மோகன் பவ்நானி இயக்கிய ‘வசந்தசேனா’ 1931இல் வந்தது. சூத்திரகரின் ‘மிருச்சகடிகம்’ அதன் மூலம். தமிழில் பண்டிதமணி கதிரேசச் செட்டியார் ‘மண்ணியல் சிறுதேர்’ என்று மொழிபெயர்த்த அதே நாடகம். ஏணாக்ஷி ராமராவ், கமலாதேவி சட்டோபாத்யாய, டி.பி. கைலாசம் ஆகியோர் நடித்தார்கள்.

மூல நாடகமே பாதி நகைச்சுவை. அதில் சர்விலகன் என்ற அந்தணத் திருடன் சுவரில் கன்னம் வைக்கும் காட்சி உலக நாடக இலக்கியத்தில் தனி இடம் பெற்றது. எந்த வடிவில் ஓட்டை போட்டால் காலையில் வந்து பார்ப்பவர்கள் மெச்சுவார்கள் என்று அவன் யோசிக்கிறான். தாமரையா, பிறையா, நிறைகுடமா? அளவுநூலை மறந்துவிட்டு வந்தவன் பூணூலை உருவி அளக்கிறான். இது முழுக்க உடலால் செய்துகாட்டத்தக்க வேலை. மௌனப்படம் என்ற சாதனம் கேட்கும் நகைச்சுவைக்கு இந்திய மரபிலேயே முன்மாதிரி உண்டு என்பதற்கு இந்த ஒரு காட்சி போதும்.

கைலாசம் தமிழ்க் குடும்பத்துப் பிள்ளை. தந்தை பரமசிவ ஐயர் மைசூர் ராஜ்யத்தில் நீதிபதி. சென்னை மாநிலக் கல்லூரியிலும் பிறகு லண்டனிலும் நிலவியல் படித்துவிட்டு மைசூர் அரசின் நிலவியல் துறையில் வேலை பார்த்த கைலாசம், அந்த உத்தியோகத்தை உதறிவிட்டு நாடகத்துக்கு வந்தார். ‘டொள்ளு கட்டி’ போன்ற நாடகங்களால் நவீன கன்னட நகைச்சுவைக்கு அவரே தந்தை ஆனார். நடுத்தரக் குடும்பத்தின் ஆங்கிலம் கலந்த பேச்சை அப்படியே மேடையேற்றியது அவருடைய பெரிய சாதனை. ஆனால் எழுதுவதில் அவருக்கு நாட்டம் குறைவு. நாடகம் முழுவதும் தலைக்குள் இருக்கும், நண்பர்கள் நடுவே எல்லாப் பாத்திரங்களையும் தானே நடித்துச் சொல்வார், யாராவது எழுதிக்கொள்வார்கள். பேச்சையே உயிராகக் கொண்ட இந்த மேதை நடித்த மௌனப்படத்தைப் பற்றி அவர் தன் கையால் ஒரு நூல் எழுதி வைத்திருந்தால் அதன் மதிப்பைச் சொல்லி முடியாது.

கமலாதேவி எழுதினார். அவருடைய நினைவு நூல் 1986இல் ஆங்கிலத்தில் வந்தது. உப்புச் சத்தியாகிரகம், அகதிகள் மறுவாழ்வு, கைவினை இயக்கம் என்று விரிந்த வாழ்க்கையில் சினிமா ஒரு சிறு பகுதி. ஆனாலும் அவருடைய சாட்சி முக்கியமானது. நல்ல குடும்பத்துப் பெண் கேமரா முன் நிற்பதா என்று கேட்ட காலத்தில் நின்றவர் அவர். ஆண் நடிகர்கள் எழுதிய வரலாறுகளில் பெண்கள் பெரும்பாலும் துணைப்பாத்திரங்களாகவே வருகிறார்கள். வீரண்ணாவின் மனைவியும் மௌனப்படக் காலத்திலிருந்தே நடித்தவருமான பி. ஜெயம்மாவை நாம் அவர் சொற்களில் அறியவில்லை. பிறர் சொற்களில்தான் அறிகிறோம்.

பிற நாடுகளின் நூல்கள்

அமெரிக்க மௌனப்பட நகைச்சுவை நடிகர்களின் நூல்களோடு ஒப்பிட்டால் நம்முடைய நிலை தெளிவாகும். ஹரால்ட் லாயிட் 1928இலேயே, மௌனப்படம் உயிரோடு இருந்த நாளிலேயே, பத்திரிகையாளர் ஒருவரின் துணையோடு தன் கதையை வெளியிட்டார். பஸ்டர் கீட்டனின் நூல் 1960இல் சார்லஸ் சாமுவேல்ஸ் என்பவரின் உதவியோடு வந்தது. சாப்ளின் தன் வரலாற்றைத் தானே எழுதி 1964இல் வெளியிட்டார். கீட்டனுக்கும் வீரண்ணாவுக்கும் ஓர் ஒற்றுமை உண்டு. இருவரும் சிறுபிள்ளைகளாகவே மேடைக்கு வந்தவர்கள். பள்ளிக்கூடம் பார்க்க வேண்டிய வயதில் விழவும் எழவும் சிரிக்க வைக்கவும் கற்றவர்கள்.

சாப்ளின் நூலில் ஒரு பெரிய குறை உண்டு. சிறுவயது வறுமையை அவர் எழுதியிருப்பது மறக்க முடியாதது. சந்தித்த பெரிய மனிதர்களைப் பற்றி நிறைய எழுதுகிறார். ஒரு நகைச்சுவைக் காட்சியை எப்படி உருவாக்கினார் என்பதைப் பற்றி மிகக் கொஞ்சமே சொல்கிறார். அதை உலகம் அறிந்தது 1983இல். கெவின் பிரவுன்லோவும் டேவிட் கில்லும் சாப்ளின் ஒதுக்கிவைத்த சுருள்களைத் தேடிப் பிடித்து ஓர் ஆவணப்படத் தொடர் செய்தார்கள். எழுத்துப் பிரதி இல்லாமல் கேமராவை ஓடவிட்டு, ஒரே காட்சியைத் திரும்பத் திரும்ப எடுத்து, பிடிக்காவிட்டால் கதையையே மாற்றி அவர் வேலை செய்தது அதில்தான் தெரிந்தது. அங்கே புத்தகம் மறைத்ததைச் சுருள் காட்டிக் கொடுத்தது. இங்கே சுருள் இல்லை. ஆகவே நம்முடைய நினைவு நூல்கள் அமெரிக்க நூல்களைவிடக் கனமான பொறுப்பைச் சுமக்கின்றன.

வங்காளத்தில் தீரேந்திரநாத் கங்குலி இன்னொரு வழியைக் காட்டினார். 1921இல் ‘பிலாத் ஃபேரத்’ என்ற நகைச்சுவைப் படத்தில் நடித்த அவர், அதற்கு முன்பே பலவகை வேடங்களிலும் பாவங்களிலும் தன்னையே புகைப்படம் எடுத்துப் புத்தகமாக வெளியிட்டிருந்தார். ஓடும் படம் அழிந்தாலும் நடிகரின் முகம் அந்தப் பக்கங்களில் தங்கிவிட்டது.

தமிழ்ச் சாட்சிகள்

தமிழில் இந்த வரிசையைத் தொடங்கி வைத்தவர் பம்மல் சம்பந்த முதலியார். ‘நாடகமேடை நினைவுகள்’ ஆறு பாகங்கள். அதற்குப் பிறகு ‘பேசும்பட அனுபவங்கள்’. ‘சபாபதி’ என்ற நகைச்சுவை நாடகத்தை எழுதி நடித்தவர் என்பதால் சிரிப்பின் தொழில்நுட்பம் அவருக்குத் தெரியும். வழக்கறிஞர் என்பதால் எதையும் ஒழுங்காகப் பதிவு செய்யும் பழக்கமும் இருந்தது. டி.கே. சண்முகத்தின் ‘எனது நாடக வாழ்க்கை’ 1972இல் வந்தது. என்.எஸ். கிருஷ்ணன் வளர்ந்த கம்பெனிச் சூழலை அறிய அதைவிட நல்ல நூல் இல்லை. எம்.ஆர். ராதா சொல்ல விந்தன் எழுதிய ‘சிறைச்சாலைச் சிந்தனைகள்’ பாய்ஸ் கம்பெனி வாழ்க்கையின் கரடுமுரடான பக்கத்தைக் காட்டுகிறது. நாகேஷ் சொல்ல எஸ். சந்திரமௌலி எழுதிய ‘நான் நாகேஷ்’ வரை இந்த மரபு நீள்கிறது. ஆயினும் இவை எல்லாம் மேடையையும் பேசும்படத்தையும் பற்றியவை. நடுவில் இருக்கும் மௌனப்படம் ஒரு பள்ளமாகவே நிற்கிறது. தமிழ்நாட்டு மௌனப்படத்தின் பெரிய நட்சத்திரமான ராஜா சாண்டோவின் தன்வரலாறு நமக்கு வாய்க்கவில்லை. அந்தப் பள்ளத்தின் மேல் பாலமாகக் கிடைப்பது மைசூர் நாட்டு வீரண்ணாவின் நூல். தமிழ் சினிமா வரலாற்றாசிரியர் அதை அண்டை வீட்டுப் புத்தகம் என்று ஒதுக்க முடியாது.

எப்படிப் படிப்பது

இந்த நூல்களில் பல ஒருவர் சொல்ல இன்னொருவர் எழுதியவை. ராதாவும் விந்தனும் போல, கீட்டனும் சாமுவேல்ஸும் போல, கன்னடத்திலும் இணைகள் உண்டு. சிறுவனாகக் குப்பி கம்பெனியில் சேர்ந்து, வீரண்ணாவின் உதவியால் காசிக்குச் சென்று படித்து, பின்னாளில் மைசூரின் ரங்காயணம் நாடக நிறுவனத்தின் முதல் இயக்குநரான பி.வி. காரந்த் தன் வாழ்க்கையை எழுத்தாளர் வைதேகியிடம் சொல்லி எழுதுவித்தார். வீரண்ணாவின் பேத்தி பி. ஜெயஸ்ரீயின் வாழ்க்கையைப் பிரீதி நாகராஜ் எழுதினார். ஜெயஸ்ரீ தாத்தா நடித்த ‘சதாரமே’ திருடனைத் தானே ஏற்று நடித்தவர். ரங்காயணத்தின் இயக்குநராகவும் இருந்தவர். எழுத்தில் இல்லாத வேடம் உடல்வழியாக மூன்றாம் தலைமுறைக்கு வந்திருக்கிறது. வீரண்ணாவின் நூலை ஜெயஸ்ரீயின் நடிப்போடும் நூலோடும் சேர்த்து வைத்துப் படித்தால்தான் அந்தத் திருடன் முழுமையாகக் கண்ணுக்குத் தெரிவான்.

சொல்லி எழுதும் முறையில் லாபமும் உண்டு, நஷ்டமும் உண்டு. நடிகர் நன்றாகச் சொல்லத் தெரிந்தவர். கேட்பவர் சிரித்தால் கதை கொஞ்சம் வளரும். அதனால் தேதியையும் வசூலையும் இந்த நூல்களை மட்டும் நம்பி எழுதக் கூடாது. பத்திரிகை விளம்பரத்தோடும் அரசு ஆவணத்தோடும் ஒப்பிட வேண்டும். முப்பது நாற்பது ஆண்டுகள் கழித்து எழுதும்போது தோற்ற முயற்சி சுருங்கும், வென்றது விரியும். மௌனப்படம் பலருக்கும் நஷ்டத்தில் முடிந்த முயற்சி என்பதால் அதற்குக் கிடைக்கும் பக்கங்களும் குறைவாகவே இருக்கும். ஆனால் ஒத்திகை எப்படி நடந்தது, யாரிடம் எதைக் கற்றார்கள், எந்த இடத்தில் நிறுத்தினால் கொட்டகை சிரித்தது என்று நடிகர் சொல்லும்போது அவரை நம்பலாம். அவை அவர் உடம்பு நினைவில் வைத்திருப்பவை. தேதிக்கு ஆவணம், வேலைக்கு நடிகர் என்பதே இந்த நூல்களைப் படிக்க ஏற்ற விதி.

செய்ய வேண்டியவை

இவ்வளவையும் தொகுத்துப் பார்த்தால் என் முடிவு இது. தென்னிந்திய மௌனப்பட நகைச்சுவை, கம்பெனி நாடக மேடையின் கிளை. ஹாலிவுட்டைப் பார்த்துப் பழகிய சிரிப்பு என்று அதைச் சுருக்குவது தவறு. படங்கள் கிடைக்காதவரை இதற்கு வலுவான ஆதாரம் நடிகர்களின் நூல்களே. அவற்றைச் சினிமா ரசிகர்களின் பொழுதுபோக்குப் புத்தகங்களாக நினைப்பதை விட்டுவிட்டு, கல்வெட்டுக்கும் ஓலைக்கும் தரும் மரியாதையை அவற்றுக்குத் தர வேண்டும்.

அதற்கு உடனடியாகச் செய்யக்கூடியவை உண்டு. ‘கலெயே காயக’, காரந்தின் நூல், ஜெயஸ்ரீயின் நூல் மூன்றையும் தமிழ் வாசகர் தமிழிலேயே படிக்க வழி செய்ய வேண்டும். இந்திய மொழிகளின் நடுவண் நிறுவனம் மைசூரிலேயே 1969 முதல் இருக்கிறது; தேசிய மொழிபெயர்ப்பு இயக்கமும் அங்கிருந்துதான் செயல்படுகிறது. கன்னடமும் தமிழும் ஒருங்கே அறிந்தவர்களுக்கு அந்த நகரத்தில் பஞ்சமில்லை. சென்னை ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் உள்ள நாடக நோட்டீஸ்களையும் பாட்டுப் புத்தகங்களையும் கர்நாடகக் குடும்பங்களிடம் உள்ள புகைப்படங்களோடு ஒப்பிட்டு ஒரு பொதுப் பட்டியல் தயாரிக்கலாம். கம்பெனி நாடகத்தைச் சிறுவயதில் பார்த்தவர்கள் மைசூரிலும் தும்கூரிலும் தாளவாடியிலும் இன்னும் இருக்கிறார்கள். அவர்களிடம் பேச ஒரு கைபேசி போதும். உங்கள் வீட்டில் அப்படி ஒரு பெரியவர் இருந்தால், இந்த வாரமே உட்கார்ந்து கேட்டுப் பதிவு செய்யுங்கள்.